பொம்மையைத் தொடும் முன்: முதல் ஸ்டாப் மோஷன் படம் எடுக்கப் போகிறவர்களுக்கு

பொம்மையைக் கொஞ்சம் கொஞ்சமாக அசைத்து, ஒவ்வொரு அசைவையும் ஒரு புகைப்படமாக எடுத்து, வரிசையாக ஓட்டுவதுதான் ஸ்டாப் மோஷன். என் முதல் ஸ்டாப் மோஷன் படத்தின் நீளம் இரண்டு நிமிடம். இரண்டு மாதத்தில் முடித்துவிடுவேன் என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லி வைத்திருந்தேன். பதினொரு மாதம் ஆயிற்று. கடிகாரம் பழுது பார்க்கும் ஒரு கிழவர், கைதவறி விழுந்த திருகாணியைத் தேடுகிறார், கதை அவ்வளவுதான். அந்தக் கிழவருக்கு வலது கை மட்டும் மூன்று முறை ஒடிந்தது. ஒரு முறை மேசை நகர்ந்துவிட்டது. ஒரு நாள் நான் போட்டிருந்த வெள்ளைச் சட்டை அவருடைய வழுக்கைத் தலையில் விட்டுவிட்டுப் பளபளத்து, அன்றைய வேலை முழுவதும் குப்பைக்குப் போயிற்று.

பொம்மையை அசைப்பது ஓரளவு சீக்கிரமே பிடிபட்டுவிட்டது. விளக்கு, கேமரா, மேசை, சட்டையின் மடிப்பு, தூக்காத இன்னொரு கால் என்று மற்ற எல்லாவற்றையும் அசையாமல் வைத்திருக்கக் கற்றுக்கொள்ளத்தான் மீதி மாதங்கள் போயின. கீழே இருப்பவற்றில் பெரும்பாலானவை அதைப் பற்றித்தான். கூடுமானவரை இந்த வரிசையிலேயே செய்யுங்கள். நான் பொம்மையிலிருந்து தொடங்கி, கணக்கைக் கடைசியில் போட்டவன்.

1. முதலில் கணக்கு

திரையில் ஒரு நொடிக்கு 24 ஃப்ரேம், அதாவது 24 தனிப் படங்கள் ஓடுகின்றன. ஒவ்வொரு ஃப்ரேமுக்கும் பொம்மையை அசைத்து ஒரு புகைப்படம் எடுத்தால் அதற்கு 'ஒன்ஸ்' என்று பெயர். ஒரே புகைப்படத்தை இரண்டு ஃப்ரேமுக்கு நிறுத்தினால் 'டூஸ்'. அப்போது நொடிக்கு 12 புகைப்படம் போதும். டூஸிலேயே தொடங்குங்கள். வேகமாக வீசும் கைக்கும், கேமராவே நகரும் காட்சிக்கும் மட்டும் ஒன்ஸ் தேவைப்படும்.

டூஸில் ஒரு நிமிடத்துக்கு 720 புகைப்படம். அசைப்பது, சரிபார்ப்பது, எடுப்பது எல்லாம் சேர்த்து ஒன்றுக்கு ஐந்து நிமிடம் என்று வையுங்கள். 60 மணி நேரம் ஆயிற்று. வெட்டில்லாமல் தொடர்ந்து ஓடும் ஒரு துண்டுக்கு ஷாட் என்று பெயர். ஒரு நிமிடப் படத்தில் பத்துப் பன்னிரண்டு ஷாட் வரும். ஒவ்வொரு ஷாட்டுக்கும் விளக்கையும் கேமராவையும் மாற்றி வைக்க அரை நாள், அதாவது நான்கு மணி நேரம் போகும். பன்னிரண்டு ஷாட்டுக்கு 48 மணி. இரண்டும் சேர்ந்து 108. இதில் மூன்றில் ஒரு பங்கைத் திரும்ப எடுக்க வேண்டிவரும், இன்னொரு 36. ஆக, ஒரு நிமிடத்துக்கு 144 மணி நேரம். வேலைக்குப் போய்வந்து நாளுக்கு இரண்டு மணி நேரம் உட்கார்கிறவருக்கு இது 72 நாள். பொம்மையும் மேடையும் செய்ய ஏறக்குறைய அதே அளவு காலம் தனி.

இதைப் பார்த்து மலைக்க வேண்டாம். இதையே தொழிலாகச் செய்யும் பெரிய ஸ்டூடியோக்களில்கூட ஓர் அனிமேட்டர் ஒரு நாளில் எடுத்து முடிப்பது சில நொடிகள்தான்.

முதல் படத்துக்கு ஒரே பாத்திரம், ஒரே இடம், பேச்சில்லாத முப்பது நாற்பது நொடி போதும். தண்ணீர், புகை, மழை, நீளக் கூந்தல், தரையில் புரளும் புடவை, இரண்டாவது பாத்திரம் எல்லாவற்றையும் அடுத்த படத்துக்கு ஒத்திவையுங்கள். இரண்டாவது பொம்மை வந்தால் வேலை இரண்டு மடங்கோடு நிற்காது. ஒன்று அசையும்போது மற்றது எந்த நிலையில் மூச்சு விட்டுக்கொண்டிருந்தது என்பதையும் மனதில் சுமந்துகொண்டிருக்க வேண்டும். என் பேச்சை நீங்கள் கேட்கப் போவதில்லை. எனக்குச் சொன்னவர் பேச்சை நானும் கேட்கவில்லை.

2. எழுத்து வேலை

இதைத் தாண்டிப் போகத்தான் எல்லோருக்கும் கை துறுதுறுக்கும். ஐந்து வகைக் காகிதம் வேண்டும்.

முதலாவது ஸ்டோரிபோர்டு, கதையைக் கட்டம் கட்டமாக வரைந்துவைப்பது. குச்சி மனிதர்களாக வரைந்தாலும் போதும். ஒவ்வொரு கட்டத்துக்கும் கீழே ஷாட் எண், எத்தனை நொடி, உடலின் எந்தப் பகுதி தெரிகிறது என்ற மூன்றையும் எழுதுங்கள். மூன்றாவதுதான் காசை மிச்சப்படுத்தும். என் கிழவருக்குக் காலும் செருப்பும் செய்யப் பத்து நாள் செலவிட்டேன். படம் முழுவதும் அவர் மேசைக்குப் பின்னால்தான் உட்கார்ந்திருக்கிறார்.

இரண்டாவது அனிமேட்டிக். ஸ்டோரிபோர்டுப் படங்களை எடிட்டிங் மென்பொருளில் அடுக்கி, உங்கள் வாயாலேயே சத்தம் கொடுத்து, உண்மையான நீளத்துக்கு ஓடவிட்டுப் பாருங்கள். நடிகர்களை வைத்து எடுப்பவர்கள் நிறைய எடுத்துவிட்டு வெட்டலாம். இங்கே வெட்டப்படும் ஒவ்வொரு நொடியும் ஒரு மாலைப் பொழுது. கிழவர் கண்ணாடியைத் துடைக்கும் ஒன்பது நொடிக் காட்சியை, 108 புகைப்படத்தை, ஐந்து நாள் எடுத்தேன். எடிட்டிங்கில் அது தேவையே இல்லை என்று தெரிந்தது. அனிமேட்டிக்கில் பார்த்திருந்தால் ஐந்து நிமிடத்தில் தெரிந்திருக்கும்.

மூன்றாவது எக்ஸ்போஷர் ஷீட். கணக்கு நோட்டு மாதிரிதான்: இடப்பக்கம் ஃப்ரேம் எண், அடுத்த பத்திகளில் உடல், கை, கண், ஒலி. எந்த ஃப்ரேமில் கண் திரும்புகிறது, எங்கே கை நிற்கிறது என்பதை முன்கூட்டியே குறிப்பது. மென்பொருளுக்குள்ளேயும் இது உண்டு என்றாலும் காகிதத்தில் எழுதி மேடைக்குப் பக்கத்தில் ஒட்டிவைப்பது எனக்குப் பிடித்த முறை. போன் வந்து எழுந்து போனால், எந்த இடத்தில் விட்டோம் என்று பென்சில் குறி சொல்லும்.

நான்காவது ஷாட் குறிப்பு. அப்பர்ச்சர் (லென்ஸ் திறப்பின் அளவு), ஷட்டர் (வெளிச்சம் உள்ளே விழும் நேரம்), ஐஎஸ்ஓ (வெளிச்சத்துக்குக் கேமரா காட்டும் உணர்திறன்), ஒயிட் பேலன்ஸ் (வெள்ளையை வெள்ளையாகக் காட்டும் நிற அமைப்பு) எண், லென்ஸின் நீளம், கேமராவின் உயரம், பொம்மைக்கும் கேமராவுக்கும் உள்ள தூரம், ஒவ்வொரு விளக்கும் எங்கே நின்றது என அனைத்தையும் எழுதி, மேடையை நான்கு பக்கமிருந்தும் போனில் படம் பிடித்துவையுங்கள். இரண்டு மாதம் கழித்து அதே ஷாட்டைத் திரும்ப எடுக்கும்போது இதற்காக உங்களுக்கு நீங்களே நன்றி சொல்வீர்கள்.

ஐந்தாவது அனுமதிக் கடிதங்கள். குரல் கொடுப்பவர் நெருங்கிய நண்பராகவே இருக்கட்டும், ஒரு பக்கத்தில் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள்: என்ன வேலை, சம்பளம் உண்டா இல்லையா, படம் எங்கெல்லாம் காட்டப்படலாம், எத்தனை காலத்துக்கு. இசைக்கும் அப்படியே. இணையத்தில் 'இலவசம்' என்று போட்டிருக்கும் இசையின் உரிமத்தை முழுதாகப் படியுங்கள். பிறர் பயன்படுத்த முன்கூட்டியே அனுமதி தரும் கிரியேட்டிவ் காமன்ஸ் உரிமத்தில் 'என்சி' என்று இருந்தால் வணிகப் பயன்பாட்டுக்கு ஆகாது. 'என்டி' என்று இருந்தால் படத்தோடு சேர்க்கவே முடியாது. அசையும் காட்சிக்கு ஏற்ப இசையைப் பொருத்துவதையே அந்த உரிமம் ஒரு மாற்றமாகக் கருதுகிறது. இது தெரியாமல் ஒரு வீணை இசைத் துண்டை வைத்து முழுப் படத்தையும் எடிட் செய்து முடித்திருந்தேன். உரிமப் பக்கத்தைத் தேதியோடு சேமித்துவைப்பதும் அவசியம். பின்னால் அந்தப் பக்கமே காணாமல் போகலாம். எழுத்துருவுக்கும் உரிமம் உண்டு என்பதை டைட்டில் போடும்போது மறந்துவிடாதீர்கள்.

3. பணம் எங்கே போகும்

புதுக் கேமரா வாங்காதீர்கள். கையில் இருக்கும் போன் போதும். எல்லா அமைப்பையும் கையால் பூட்ட முடிகிற பழைய ஸ்டில் கேமரா இருந்தால் இன்னும் நல்லது. 2005இல் வந்த 'கார்ப்ஸ் பிரைட்' முழுநீளப் படமே ஸ்டில் கேமராக்களில் எடுக்கப்பட்டதுதான்.

கனமான ட்ரைபாட், ஒரே மாதிரியான இரண்டு மூன்று விளக்குகள், கையால் திருப்பும் பழைய லென்ஸ் என்று அசையாமல் நிற்பதற்காகவே பணத்தைக் கொடுங்கள். கம்பி, பிசைந்து வைத்தால் இறுகும் எபாக்சி, களிமண் ஆகியவற்றை மூன்று பொம்மைக்குத் தேவையான அளவு ஒரே தடவையில் வாங்கிவிடுங்கள். பாதியில் தீர்ந்து திரும்ப வாங்கினால், அதே பெயர் போட்ட நிறமே சற்று வேறாக வரும்.

மென்பொருளுக்குப் போனில் ஸ்டாப் மோஷன் ஸ்டூடியோ போன்ற செயலிகள் குறைந்த செலவில் கிடைக்கும். தொழில்முறையாளர்கள் பெரும்பாலும் பயன்படுத்தும் டிராகன்ஃபிரேம் விலை கூடியது. அதற்குச் சோதனைப் பதிப்பு உண்டு. மேடை தயாரான பிறகு அதை இறக்குங்கள். பொம்மைக்குக் கால் முளைக்கும் முன்பே என் சோதனைக் காலம் முடிந்துவிட்டது.

திரைப்பட விழாக்களுக்கு விண்ணப்பிக்கக் கட்டணம் உண்டு. மொத்தப் பணத்தில் பத்தில் ஒரு பங்கையாவது அதற்கென்று முதல் நாளே எடுத்து வைத்துவிடுங்கள். கடைசியில் மிச்சம் இருக்கும் என்று நம்பாதீர்கள்.

4. எலும்பு

பொம்மைக்குள் இருக்கும் கம்பிச் சட்டகத்தை ஆர்மேச்சர் என்பார்கள். அலுமினியக் கம்பியில் செய்யுங்கள். இரும்புக் கம்பி வளைத்த இடத்திலிருந்து கொஞ்சம் திரும்பி வந்துவிடும். செம்பு, வளைக்க வளைக்க இறுகும். கம்பியை வாங்கும் முன் ஒரு துண்டை வளைத்து விட்டுப் பாருங்கள்: விட்ட இடத்திலேயே நின்றால் வாங்கலாம், மயிரிழை பின்வாங்கினாலும் வேண்டாம்.

20 முதல் 25 சென்டிமீட்டர் உயரம் வசதி. அதைவிடச் சிறியதாக இருந்தால் கை ஒரு மில்லிமீட்டர் பிசகினாலும் திரையில் குதிக்கும். பெரியதாக இருந்தால் மேடையும் விளக்கும் வீட்டை நிறைத்துவிடும். இந்த அளவுக்கு உடலுக்கு 2 மில்லிமீட்டர் கம்பி, கைகளுக்கு 1.5, விரல்களுக்கு 1. ஒற்றைக் கம்பியாக விடாமல் இரண்டு மூன்று இழையாக முறுக்குங்கள்: ஒரு முனையை இடுக்கியில் பிடித்து, மறுமுனையை டிரில்லில் மாட்டி மெதுவாகச் சுழற்றினால் கயிறு மாதிரி வந்துவிடும். அளவுக்கு மீறி முறுக்கினால் கம்பி அப்போதே விறைத்து, பாதி ஆயுளை இழந்துவிடும்.

மூட்டுக்கும் மூட்டுக்கும் இடையில் எபாக்சிப் புட்டியை உருட்டிப் பொதியுங்கள். அதுதான் எலும்பு. மூட்டில் ஒரு சென்டிமீட்டராவது கம்பி வெறுமனே இருக்க வேண்டும். இடைவெளி குறுகினால் ஒரே புள்ளியில் மடிந்து அங்கேயே ஒடியும். எலும்பே இல்லாமல் வெறும் கம்பியாக விட்டால் கை ரப்பர் குழாய் போல வளையும்; முழங்கை எங்கே என்று பார்ப்பவருக்குத் தெரியாது. எபாக்சியைக் கையுறை போட்டு, ஜன்னலைத் திறந்து வைத்துப் பிசையுங்கள்.

கம்பி கட்டாயம் ஒடியும். எத்தனையாவது வளைப்பில் என்பதுதான் தெரியாது. ஒடிவதற்கு முன் அது ஒரு அறிகுறி காட்டும். ஒரு மாலை கிழவரின் வலது முழங்கை வெண்ணெய் போல இலகுவாக வளைந்தது. கை பழகிவிட்டது என்று சந்தோஷப்பட்டேன். உள்ளே மூன்று இழையில் இரண்டு ஏற்கெனவே அறுந்திருந்தன. நான்கு புகைப்படம் கழித்து முன்னங்கை தொங்கியது. மூட்டு திடீரென்று இலகுவானால் அந்த ஷாட்டை முடித்த கையோடு மாற்றிவிடுங்கள்.

மாற்றுவதற்கு வழி செய்து வைத்திருந்தால்தான் மாற்ற முடியும். தோளில் ஒரு சிறு சதுரப் பித்தளைக் குழாயைப் புதைத்து, அதற்குள் சரியாக நுழையும் இன்னொரு சதுரக் குழாயைக் கையின் முனையில் பொருத்துங்கள். இழுத்தால் கை கழன்று வரும். சதுரமாக இருப்பதால் மாட்டிய பின் சுழலாது. கழுத்துக்கும் இப்படியே. வலது கை மூன்று, இடது கை இரண்டு என்று முன்பே செய்து வைக்கலாம். இதை மூன்றாவது முறிவுக்குப் பிறகுதான் செய்தேன். முதல் இரண்டு முறையும் சட்டையைப் பிரித்துத் தோளை அறுத்து மருத்துவம் பார்த்தேன்.

தலை லேசாக இருக்கட்டும். தெர்மகோல் உருண்டைமேல் மெல்லிய களிமண் பூசினால் போதும். முழுக் களிமண்ணில் தலை செய்தால், காலையில் நிமிர்ந்து உட்கார்ந்தவர் மாலையில் தன் மடியைப் பார்த்துக்கொண்டிருப்பார்.

பொம்மை நிற்க வேண்டுமானால் ஒவ்வொரு பாதத்திலும் ஒரு எம்3 நட்டை (3 மில்லிமீட்டர் திருகாணிக்கானது) புதையுங்கள். மேடைப் பலகையில் துளை போட்டு, அடியிலிருந்து திருகாணியால் இறுக்கலாம். இதை டை-டவுன் என்பார்கள். நடக்கும் காட்சியில் ஒவ்வொரு அடிக்கும் ஒரு துளை. மிதித்துக் கடந்த துளையைத் தரையின் நிறத்திலேயே களிமண் வைத்து அடைத்துக்கொண்டே போக வேண்டும். எஃகு பந்து மூட்டுகள் கொண்ட ஆர்மேச்சர் விலைக்குக் கிடைக்கும். ஒவ்வொரு மூட்டின் இறுக்கத்தையும் தனித்தனியே சரிசெய்யும் பொறுமை வந்த பிறகு வாங்கிக்கொள்ளலாம்.

5. சதையும் துணியும் முகமும்

எண்ணெய்க் களிமண் காய்வதில்லை. அது அதன் நன்மை. சூட்டில் இளகும், நிறங்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும், விரல் ரேகை பதியும், இவை தீமைகள். வெள்ளையை முதலில் தொடுங்கள், கறுப்பைக் கடைசியில். இடையில் ஈரத் துணியால் கையைத் துடையுங்கள். விரல் ரேகையைப் பற்றி ரொம்பக் கவலைப்பட வேண்டாம். ஆர்ட்மேன் ஸ்டூடியோவின் களிமண் பாத்திரங்களிலும் ரேகை தெரியும். யாரும் பணத்தைத் திருப்பிக் கேட்டதில்லை.

களிமண் சிற்பத்திலிருந்து சிலிக்கான் அச்சு எடுக்க நினைப்பவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. சில களிமண்களில் கந்தகம் இருக்கும். பிளாட்டினத்தால் இறுகும் சிலிக்கான் கந்தகம் பட்டால் இறுகவே இறுகாது. மூன்று நாள் காத்திருந்தாலும் தேன் போலப் பிசுபிசுத்துக்கொண்டே இருக்கும். கந்தகம் இல்லாதது என்று எழுதியிருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள்.

உடலுக்கு மெத்தை நுரைப்பஞ்சைக் கத்தரித்து ஒட்டி, மேலே சட்டை தைப்பது எளிய வழி. மெல்லிய, நெருக்கமான நெசவுள்ள துணியாகப் பாருங்கள். தடித்த துணி இந்த அளவில் சாக்குப் பை போலத் தெரியும். சட்டையின் ஓர மடிப்புக்குள் மெல்லிய கம்பி வைத்துத் தைத்தால் மடிப்பு வைத்த இடத்தில் நிற்கும். ரோமத்தைத் தவிர்த்துவிடுங்கள். விரல் படும் ஒவ்வொரு முறையும் அது வேறு திசையில் சாயும், திரையில் கொதிப்பது போலத் தெரியும். 1933இல் வந்த 'கிங் காங்'கில் அந்தக் குரங்கின் ரோமம் சிலிர்த்துக்கொண்டே இருப்பது அதை அசைத்தவரின் விரல்கள் பட்ட தடம்தான்.

கண்ணுக்கு, ஓட்டையுள்ள வெள்ளை மணி. ஓட்டையையே கருவிழியாக வரைந்து, ஊசி முனையை அதில் நுழைத்துத் திருப்பலாம். இமைக்குத் தோல் நிறக் களிமண்ணில் பிறைத் துண்டுகள். வாய்களைத் தனித்தனியாகச் செய்து மாற்றி மாற்றி ஒட்டுவதே புதியவர்களுக்கு நல்லது. 2009இல் வந்த 'கோரலைன்' படத்தில் முகங்களை முப்பரிமாண அச்சு இயந்திரத்தில் அச்சிட்டு மாற்றினார்கள். அதே தத்துவம்தான், உங்களிடம் இருப்பது கத்தரிக்கோல்.

6. மேடை

நிற்கும்போது உங்கள் இடுப்பு உயரத்துக்கு மேடை வரட்டும். குனிந்தே எடுத்தால் இரண்டாவது வாரம் முதுகு பேசத் தொடங்கும். பலகையின் அடியில் கை நுழைய இடம் வேண்டும், திருகாணி அங்கேதான் இருக்கிறது. பொம்மைக்கும் உங்களுக்கும் நடுவே எதுவும் இருக்கக் கூடாது. முன்பக்கம் அழகான ஒரு வேலி செய்து வைத்திருந்தேன். முழங்கை பட்டு அது சாய்ந்த எண்ணிக்கையை விட்டுவிட்டேன்.

மேசைக் கால்களைத் தரையோடு ஒட்டுங்கள். மேடைமேல் இருக்கும் கோப்பை, பென்சில், பெட்டி எல்லாவற்றையும் சூட்டுப் பசையால் ஒட்டுங்கள். மின்விசிறியை நிறுத்துங்கள்.

7. கேமரா

தானாக வேலை செய்யும் எதுவும் உங்கள் எதிரி. ஆட்டோ ஃபோகஸ், ஆட்டோ எக்ஸ்போஷர், ஆட்டோ ஒயிட் பேலன்ஸ், ஆட்டோ ஐஎஸ்ஓ, லென்ஸின் அதிர்வுத் தடுப்பு எல்லாவற்றையும் அணைத்து, எண்களைக் கையால் வையுங்கள். பொம்மை சிறியது, கேமரா கிட்டத்தில் இருக்கிறது, எனவே ஃபோகஸ் ஆழம் குறைவாகவே கிடைக்கும். அப்பர்ச்சரை எஃப்/8 முதல் எஃப்/11 வரை வைத்தால் மூக்கும் காதும் ஒன்றாகத் தெளிவாக இருக்கும்.

எல்லாவற்றையும் பூட்டிய பிறகும் படம் மினுங்கும். இதற்காக ஒரு மாதம் விளக்குகளைச் சந்தேகப்பட்டுக்கொண்டிருந்தேன். குற்றவாளி லென்ஸ். மின்னணு லென்ஸில் ஒவ்வொரு புகைப்படத்துக்கும் அப்பர்ச்சர் திறந்து மூடுகிறது. ஒவ்வொரு முறையும் மிகச் சரியாக அதே இடத்தில் மூடுவதில்லை. ஒற்றைப் புகைப்படத்தில் கண்ணுக்குத் தெரியாத அந்த வித்தியாசம், நொடிக்கு 12 ஓடும்போது படபடக்கும். அப்பர்ச்சர் வளையத்தைக் கையால் திருப்பும் பழைய லென்ஸை அடாப்டர் வைத்து மாட்டினால் தீர்ந்தது.

ட்ரைபாடின் கால்களைத் தரையில் டேப் போட்டுக் குறித்து, மணல் பை தொங்கவிடுங்கள். பேட்டரி மாற்றும்போது கேமரா அசையும், ஆகவே நேரடி மின்சாரம் கொடுக்கும் போலி பேட்டரி வாங்கிக்கொள்ளுங்கள். போனில் எடுப்பவர்கள் ஏரோபிளேன் மோடில் போட்டு, சார்ஜரைச் செருகி, ரிமோட்டால் எடுங்கள். திரையைத் தொடவே கூடாது. கேமராவை வாடகைக்கு எடுத்தால் ஷட்டர் எண்ணிக்கையை (அதுவரை எடுத்த புகைப்படங்களின் எண்ணிக்கை) முதலிலேயே எழுதிக் கையெழுத்து வாங்குங்கள். ஷட்டருக்கு ஆயுள் உண்டு. நீங்கள் அதை ஆயிரக்கணக்கில் குறைக்கப் போகிறீர்கள்.

8. வெளிச்சம்

சூரியன் நகர்கிறது; அறைக்குள் அதன் ஒரு கீற்றும் வரக் கூடாது. ஜன்னலைக் கறுப்புத் துணியால் மூடுங்கள், கதவிடுக்கையும் சேர்த்து. சில எல்இடி விளக்குகள் மங்கலாக வைத்தால் கண்ணுக்குத் தெரியாமல் துடிக்கும். ஷட்டரை அரை நொடி அளவுக்கு மெதுவாக வைத்தால் அந்தத் துடிப்பு சராசரியாகிவிடும். பொம்மை அந்த அரை நொடியில் எங்கும் ஓடிவிடாது.

கறுப்புச் சட்டை போடுங்கள். புகைப்படம் எடுக்கும் ஒவ்வொரு முறையும் ஒரே இடத்தில் போய் நில்லுங்கள். தரையில் ஒரு குறி போட்டுக்கொள்ளுங்கள். உங்கள் உடம்பும் வெளிச்சத்தைத் திருப்பி அனுப்புகிறது.

9. யாரையும் அசைக்காமல் ஒரு படம்

பொம்மையை மேடையில் வைத்து, எதையும் தொடாமல் ஐம்பது புகைப்படம் எடுங்கள். ஒவ்வொன்றுக்கும் நடுவே, அசைப்பது போலவே மேடை அருகில் போய் வாருங்கள். ஓட்டிப் பாருங்கள். நான்கு நொடிக்கு ஒரு ஸ்டில் படம் போல நிற்க வேண்டும். தலை சாய்கிறதா, மூலை மினுங்குகிறதா, முழுப் படமும் அதிர்கிறதா? எது அசைகிறதோ அதைச் சரிசெய்துவிட்டுத் திரும்ப ஐம்பது. எனக்கு ஏழு தடவை ஆயிற்று. ஆறாவதில், நான் கால் வைக்கும் தரைப்பலகை ட்ரைபாடின் ஒரு காலை அமுக்குவது தெரிந்தது.

10. அசைத்தல்

இரண்டு விஷயம் முதலில். எதுவும் ஒரே வேகத்தில் தொடங்கி ஒரே வேகத்தில் நிற்காது. சின்ன இடைவெளி, பெரிய இடைவெளி, மீண்டும் சின்ன இடைவெளி. அடுத்தது, உடம்பு அசையும் முன் கண் அசைகிறது.

கிழவர் திருகாணியைக் கண்டு கையை நீட்டும் இடத்தைச் சொல்கிறேன். முதல் இரண்டு புகைப்படத்தில் கருவிழி மட்டும் இடப்பக்கம் போகிறது. மூன்று, நான்கு, ஐந்தில் ஓர் இமைப்பு: பாதி மூடிய இமை, முழுதும் மூடியது, மீண்டும் பாதி. அந்த மூடலுக்குள்ளேயே தலை திரும்பத் தொடங்கிவிடுகிறது. ஆறிலும் ஏழிலும் கை முன்னே போகாமல் சற்றுப் பின்னே வருகிறது; குதிக்கும் முன் உடம்பு தாழ்வது போல. எட்டிலிருந்து முன்னே: 2 மில்லிமீட்டர், 5, 9, 9, 5, 2. கை நேர்கோட்டில் போகாமல் லேசாக மேலே வளைந்து இறங்குகிறது. பதினான்கில் விரல் திருகாணிக்கு ஒரு நூலிழை மேலே நிற்கிறது. அங்கே மூன்று புகைப்படம் ஒன்றும் செய்யாமல் விட்டேன். தொடுவதற்குப் பயப்படுகிறார் என்று பார்த்தவர்கள் சொன்னார்கள். ஒன்றரை நொடிக்குச் சற்றுக் குறைவு. இரண்டு மணி நேரம்.

அசைக்கும் வரிசை கீழிருந்து மேலே: இடுப்பு, மார்பு, தலை, கடைசியில் கை. கையை முதலில் சரியாக வைத்துவிட்டு இடுப்பைத் தொட்டால் எல்லாம் கலையும். சாதாரண நடைக்கு ஓர் அடிக்கு 12 ஃப்ரேம், டூஸில் ஆறு புகைப்படம்.

முந்தைய புகைப்படத்தை நிழலாகக் காட்டும் ஆனியன் ஸ்கின் வசதியைப் பயன்படுத்துங்கள், ஆனால் அதையே பார்த்துக்கொண்டிருக்காதீர்கள். இரண்டு படத்தையும் மாறி மாறித் தட்டிப் பார்ப்பதில்தான் அசைவு தெரியும். தவறு நேர்ந்தால் ஒரு படம் மட்டும் பின்னே போகாமல் மூன்று நான்கு பின்னே போய்த் தொடங்குங்கள்.

ஷாட்டின் நடுவில் தூங்கப் போகாதீர்கள். இரவில் களிமண் தொய்யும், மரம் விரியும், காலையில் எல்லாம் அரை மில்லிமீட்டர் வேறாக இருக்கும். தவிர்க்க முடியாவிட்டால் பாத்திரம் அசையாமல் நிற்கும் இடத்தில் நிறுத்துங்கள், கை அந்தரத்தில் இருக்கும்போது வேண்டாம்.

11. பேச்சு இருந்தால்

குரலை முதலில் பதிவு செய்து, எந்த ஒலி எந்த ஃப்ரேமில் விழுகிறது என்று எக்ஸ்போஷர் ஷீட்டில் குறியுங்கள். தமிழுக்கு ஆறேழு வாய் போதும்: ம, ப வுக்கு மூடிய உதடு, ஆவுக்குத் திறந்த வாய், இ, ஏ வுக்கு இழுத்த வாய், உ, ஓ வுக்குக் குவிந்த வாய், வ வுக்குக் கீழுதட்டில் பல், மற்ற மெய்களுக்குச் சற்றே திறந்த ஒன்று. எழுத்துக்கு ஒரு வாய் என்று மாற்றினால் பாத்திரம் மென்று தின்பது போல இருக்கும். 'அம்மா' என்ற சொல்லில் உதடு மூடுவதை மட்டும் தவறவிடாதீர்கள். நான்கு ஃப்ரேமாவது மூடியிருக்கட்டும். ஒலி வருவதற்கு ஒன்றிரண்டு ஃப்ரேம் முன்பே வாய் அந்த வடிவத்துக்கு வந்துவிட்டால் இயல்பாகத் தெரியும். ழகரத்துக்கு நாக்கு செய்ய வேண்டாம். உள்ளே மடிவதை யாரும் பார்ப்பதில்லை.

12. தாவல்

தாவவோ பறக்கவோ வேண்டுமானால் பொம்மையின் முதுகில் ஒரு கம்பித் தாங்கியைச் செருகி, அதை எடிட்டிங்கில் அழிக்கலாம். அழிப்பதற்குப் பின்னணி வேண்டும்: பொம்மையும் தாங்கியும் இல்லாத வெறும் மேடையை, அதே விளக்கில், ஷாட்டின் தொடக்கத்தில் ஒன்றும் முடிவில் ஒன்றும் எடுத்துவையுங்கள். மறந்தால் வழியில்லை.

13. கோப்புகள்

ரா கோப்பு (கேமரா பதப்படுத்தாமல் தரும் புகைப்படக் கோப்பு) ஒன்றுக்கு 25 எம்பி என்றால் டூஸில் ஒரு நிமிடத்துக்கு 18 ஜிபி. திரும்ப எடுத்த மூன்றில் ஒரு பங்கையும் சேர்த்தால் 24 ஜிபி. அன்றன்று இரவே இரண்டு வெவ்வேறு டிஸ்க்கில் பிரதி எடுங்கள். கெட்ட புகைப்படத்தையும் அழிக்காமல் தனி ஃபோல்டரில் போடுங்கள். அதிலிருந்து ஒரு கை, ஒரு நிழல் வெட்டி ஒட்டத் தேவைப்படும்.

14. வெளியே அனுப்புதல்

விழாக்களுக்கு விண்ணப்பிக்கும் முன் ஒரே ஃபோல்டரில் இவற்றைத் தயாராக வையுங்கள்: ஒரு வரிக் கதைச் சுருக்கம், ஒரு பத்திச் சுருக்கம், நல்ல தரத்தில் மூன்று ஸ்டில்கள், பொம்மையோடு நீங்கள் வேலை செய்யும் ஒரு படம், பங்கேற்றவர்கள் பட்டியல், ஆங்கில சப்டைட்டில் கோப்பு, இசை, குரல் அனுமதிக் கடிதங்கள். ஸ்டில்லைப் படப்பிடிப்பின்போதே எடுத்துவிடுங்கள்.

முதல் கெடு தேதிக்குள் விண்ணப்பித்தால் பல விழாக்களில் கட்டணம் குறைவு. கடைசி வாரத்தில் கூடும். பதில் வர மாதக்கணக்கில் ஆகும். இதற்கு முன் எங்கும் காட்டப்படாத படம்தான் வேண்டும் என்று சில விழாக்கள் நிபந்தனை வைக்கின்றன. ஆசைப்பட்டு இணையத்தில் முழுப் படத்தையும் போட்டுவிட்டால் அந்தக் கதவு மூடிக்கொள்ளும். விதிமுறைப் பக்கத்தில் இந்த ஒரு வரியைத் தேடிப் படித்துவிட்டுப் பணம் கட்டுங்கள்.

எடிட்டிங் முடிந்து, ஒலி சேர்த்து, பெரிய திரையில் ஒரு முறை முழுதாகப் பார்க்கும் வரை மேடையைக் கலைக்காதீர்கள். பொம்மையையும் ஒரு டப்பாவில் நிற்கவைத்து மூடிவையுங்கள். வீட்டில் இடம் அடைக்கிறது என்று நான் கலைத்த மறுநாள்தான், பதினொன்றாவது ஷாட்டில் திருகாணி இரண்டு ஃப்ரேம் காணாமல் போயிருப்பது தெரிந்தது. அதே பலகை, அதே சாயம், ஷாட் குறிப்பில் இருந்த அதே எண்கள் எல்லாம் கிடைத்தன. கிழவர் கை ஊன்றி ஊன்றி மேசை விளிம்பில் ஏறியிருந்த அழுக்கு மட்டும் கிடைக்கவில்லை. தேயிலைத் தண்ணீர் தொட்டு ஒரு மாலை முழுவதும் தேய்த்தேன்.